பறக்காத மின்மினி

மின்மினி என்றதும் நமக்கு ஞாபகம் வருவது பறக்கிற பூச்சிதான். ஊவா மலைகளில் பறக்காத மின்மினியும் இருக்கிறது. ஐப்பசி, கார்த்திகை மழை தொடங்கியதும் தேயிலை மலைக்குள் வெட்டிய கான்களின் ஓரத்தில், லயத்துக்குப் பின்னாலுள்ள கல்லுக்கட்டில், பாசி பிடித்த படிக்கட்டில் அது கிடக்கும். விரல் நீளம். தட்டுத் தட்டாக அடுக்கி வைத்தது போன்ற உடம்பு. பகலில் கண்டால் ஏதோ அட்டை, புழு என்று விலகிப் போய்விடுவோம். இரவில் அதன் வால் பக்கத்தில் ஒரு பச்சை வெளிச்சம் நிற்கும். பறக்கிற மின்மினியைப் போல விட்டு விட்டு மின்னாது. ஏற்றி வைத்த விளக்கு மாதிரி அப்படியே எரியும்.

நான் படிப்பிப்பது பசறைப் பக்கத்தில் தோட்டப் பிள்ளைகள் கூடுதலாகப் படிக்கும் ஒரு பாடசாலையில். ஒருநாள் ஏழாம் வகுப்புப் பிள்ளை ஒன்று வந்து, "சேர், பீலிக்கரைக்குப் போற பாதையில கொள்ளிவாய்ப் பிசாசு குட்டி போட்டிருக்கு, எங்க அப்பாயி அந்தப் பக்கம் போகவேணாம்னு சொல்லிருச்சு" என்றது. சிரிப்பு வந்தாலும் என்னால் சிரிக்க முடியவில்லை. சின்ன வயதில் எங்கள் உம்மும்மாவும் அதே வெளிச்சத்தைக் காட்டி, "அது ஜின்னுகள்ட வெளக்கு, பாக்காம வா மகன்" என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போயிருக்கிறார். ஒரே புழு, ஒரே பயம். ஆளுக்கொரு பேர் வைத்திருந்தோம், அவ்வளவுதான்.

விலங்கியல் அறிஞர்கள் அதற்கு வைத்த பேர் லாம்ப்ரிஜெரா டெனெப்ரோசா. டெனெப்ரோசா என்றால் லத்தீனில் 'இருண்டது' என்று பொருள். ஒளிரும் பிராணிக்கு இருட்டின் பேரை வைத்தவர் யாரோ ரசிகர்தான். நாம் கல்லுக்கட்டில் காண்பது இரண்டில் ஒன்றாக இருக்கும்: ஒன்று, இன்னும் வளராத குடம்பி, இல்லாவிட்டால், வளர்ந்த பெண். இந்த இனத்தில் பெண்ணுக்குச் சிறகு இல்லை. வளர்ந்த பிறகும் புழுவின் உருவத்திலேயே இருக்கும். ஆணுக்குச் சிறகு உண்டு, அது பறக்கும். இந்த ஒரு வேறுபாட்டை வாசகர்கள் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னால் சொல்லப்போவதெல்லாம் இதில்தான் தங்கியிருக்கிறது.

நான் தமிழ் சிறப்புப் பட்டம் படித்தவன். விஞ்ஞானத்தில் எனக்கென்ன வேலை என்று கேட்கலாம். சங்க இலக்கியம் வழியாகத்தான் நான் இதற்குள் வந்தேன். அகநானூற்றின் 72ஆம் பாட்டில் ஒரு காட்சி. மழை கொட்டும் நடுச்சாமம். மின்மினி மொய்த்த புற்றொன்றை ஆண் கரடி தோண்டுகிறது. மின்மினிகள் பொறி பறப்பது போலச் சிதற, கரடி இரும்படிக்கும் கொல்லனைப் போலத் தோன்றுகிறதாம். இந்தப் பாட்டைப் படிப்பித்தபோது பின்வாங்கிலிருந்து ஒரு பையன் கேட்டான்: "பொறின்னா சுடுமே சேர், மின்மினி ஏன் சுடல?" புலவர் நெருப்பைச் சொன்னது அழகுக்காக. பையன் கேட்டது நியாயமான கேள்வி. அதற்குப் பதில் தேடித்தான் வாசிக்கத் தொடங்கினேன். எங்கள் பாடசாலை விஞ்ஞான ஆசிரியையும் பொறுமையாகச் சொல்லித் தந்தார்.

முதலில், நம்மில் பலர் நம்பிக்கொண்டிருக்கும் ஒன்றை ஒதுக்கிவிடலாம். மின்மினியின் வயிற்றில் பொஸ்பரஸ் எரிகிறது என்பார்கள். அப்படி எதுவும் எரியவில்லை. பகல் வெளிச்சத்தைச் சேமித்து வைத்து இரவில் விடுவதும் இல்லை. கடிகார முள்ளில் பூசிய பூச்சு அப்படி ஒளிரும், மின்மினி அப்படியில்லை. அது தன் உடம்புக்குள்ளேயே, தேவையான நேரத்தில், ஒளியைப் புதிதாகத் தயாரிக்கிறது.

இதைக் கண்டுபிடித்த வரலாறு நீளமானது. 1667இல் இங்கிலாந்தில் ரொபர்ட் பொயில் என்பவர், இருட்டில் ஒளிரும் உளுத்த மரத்துண்டு ஒன்றைக் கண்ணாடிக் கலசத்துக்குள் வைத்து, உள்ளேயிருந்த காற்றைப் பம்பினால் உறிஞ்சி எடுத்தார். வெளிச்சம் மங்கி மறைந்தது. காற்றைத் திரும்ப விட்டார், வெளிச்சமும் திரும்பியது. ஒட்சிசன் என்ற ஒன்று இருப்பதே தெரியாத காலம் அது. அதைக் கண்டுபிடிக்க இன்னும் நூறு வருடத்துக்கு மேல் இருந்தது. ஆனாலும் இந்த வெளிச்சத்துக்குக் காற்று வேண்டும் என்பதை அவர் காட்டிவிட்டார். மரத்தில் ஒளிர்ந்தது மரமல்ல, அதில் வளர்ந்த பூஞ்சணம் என்பது பிற்பாடு தெரிந்தது.

1880களில் பிரான்சு நாட்டு ரபாயேல் துய்புவா இன்னொரு படி போனார். ஒளிரும் வண்டு ஒன்றின் உறுப்பை அரைத்துத் தண்ணீரில் கரைத்து வைத்தார். கொஞ்ச நேரத்தில் ஒளி அடங்கியது. இன்னொரு பங்கைச் சுடுதண்ணீரில் போட்டார், அதுவும் ஒளிரவில்லை. ஒளி அடங்கிய இரண்டையும் ஒன்றாகக் கலந்தபோது திரும்ப ஒளி வந்தது. அப்படியென்றால் இதில் இரண்டு பொருள்கள் இருக்கின்றன. ஒன்று செலவாகித் தீர்ந்துபோவது; சூடு அதைக் கெடுக்காது. மற்றது செலவாகாமல் வேலையை நடத்திக் கொடுப்பது. சூடு பட்டால் கெட்டுவிடும். முதலாவதற்கு லூசிபெரின் என்றும் இரண்டாவதற்கு லூசிபெரேஸ் என்றும் பேரிட்டார். வீட்டுப் பாஷையில் சொன்னால், லூசிபெரின் பால், லூசிபெரேஸ் உறைமோர். உறைமோர் கொஞ்சம் இருந்தால் போதும், பால்தான் மாறுகிறது. அடுப்பில் கொதிக்க வைத்த மோரை ஊற்றித் தயிர் உறைய வைக்க முடியாது என்பது உம்மாமாருக்கெல்லாம் தெரிந்த விசயம்.

மூன்றாவது சாமான் 1947இல் தெரியவந்தது. அமெரிக்காவில் ஜோன்ஸ் ஹொப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் வில்லியம் மெக்எல்ரோய் என்பவர், ஏ.ரீ.பி. இருந்தால்தான் மின்மினி ஒளிரும் என்று காட்டினார். ஏ.ரீ.பி. என்பது எல்லா உயிர்க் கலங்களும் சக்தியைச் சில்லறையாக வைத்திருக்கும் நாணயம் போன்றது. நான் இதை எழுதக் கை அசைப்பதும் அதைச் செலவழித்துத்தான். ஆய்வுக்கு ஆயிரக்கணக்கில் மின்மினி தேவைப்பட்டதால், பால்ரிமோர் நகரப் பிள்ளைகளிடம் நூறு மின்மினிக்கு 25 சதம் என்று கொடுத்து வாங்கினாராம். எங்கள் வகுப்பில் இதைச் சொன்ன அன்றே ஒரு பையன் ஜாம் போத்தலோடு வந்து நின்றான்!

ஆக, லூசிபெரினும் ஏ.ரீ.பி.யும் லூசிபெரேஸின் மேல் வந்து சேர்கின்றன, ஒட்சிசன் தாக்குகிறது, அப்போது பிறக்கும் புதிய மூலக்கூறு தாங்க முடியாத சக்தியோடு இருக்கிறது. அந்த மிச்சச் சக்தியை அது வெப்பமாக விடாமல் ஒளியாக விட்டுவிட்டு அடங்குகிறது. பையனின் கேள்விக்குப் பதில் இதுதான். பொறியில் முதலில் சூடு பிறந்து, அந்தச் சூட்டினால் வெளிச்சம் வருகிறது. மின்மினியில் சூடு என்ற கட்டமே இல்லாமல் நேராக வெளிச்சம் வருகிறது. பழைய குண்டு பல்ப் வாங்கும் மின்சாரத்தில் நூற்றுக்கு ஐந்து பங்கு அளவுதான் வெளிச்சமாகும்; மிச்சமெல்லாம் கையைச் சுடும் சூடு. மின்மினி நூற்றுக்கு நூறு ஒளியாக்குகிறது என்று சில புத்தகங்களில் இன்னும் அச்சடித்திருக்கிறார்கள். அது மிகை. 1960இல் நூற்றுக்கு 88 என்று கணக்கிட்டார்கள். 2008இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் திரும்ப அளந்தபோது நூறு மூலக்கூறுக்கு 41 ஒளித்துகள் என்று வந்தது. அதுவே பெரிய விசயம். கூட்டிச் சொல்லத் தேவையில்லை.

பறக்கிற மின்மினி எப்படி விட்டு விட்டு மின்னுகிறது? ஒளி உறுப்புக்குள் ஒட்சிசன் போகும் வழியைத் திறந்து மூடுவதால்தான். நரம்பிலிருந்து சைகை வந்ததும் நைத்திரிக் ஒட்சைட் என்ற வாயு சுரந்து, ஒட்சிசனை ஒளிக் கலத்துக்குள் போகவிடுகிறது என்று 2001இல் அமெரிக்க ஆய்வாளர்கள் காட்டினார்கள்.

இனி, ஏன் என்ற கேள்வி.

தரையில் ஒளிரும் உயிர்கள் மிகக் குறைவு. பறவையில் இல்லை, தவளையில் இல்லை, பாலூட்டியில் இல்லை, பூக்கும் செடியிலும் இல்லை. கடலில் கதை வேறு. கலிபோர்னியாக் கரைக்கு அப்பால் ஆழ்கடலில் 17 வருடங்களாக எடுத்த வீடியோப் படங்களைப் பார்த்து எண்ணியதில், கண்ட பிராணிகளில் நான்கில் மூன்று பங்கு ஒளிரக்கூடியவை என்று 2017இல் வெளியிட்டார்கள். 2019 ஓகஸ்டில் சென்னைக் கடற்கரையில் அலை நீலமாக ஒளிர்ந்து சனம் திரண்டதே, அது நொக்டிலூக்கா என்ற நுண்ணுயிர். அலை மோதும் அதிர்ச்சியில் ஒளிரும். அப்படி ஒளிர்வது, தன்னைத் தின்ன வருபவனைப் பெரிய மீனுக்குக் காட்டிக்கொடுக்கத்தான் என்று ஒரு விளக்கம் உண்டு. திருடன் வந்ததும் கூக்குரல் போடுவது மாதிரி.

நம் மின்மினியிடம் ஒளிக்கு இரண்டு வேலை. குடம்பிப் பருவத்தில் அது எச்சரிக்கை. மின்மினிகளில் பல கசப்பும் நஞ்சும் உள்ளவை. அமெரிக்க மின்மினிகளிடம் கண்ட நஞ்சு தேரையின் தோலிலுள்ள நஞ்சுக்கு உறவு. வீட்டில் வளர்த்த ஓணானுக்கு மின்மினி தின்னக் கொடுத்து, அது செத்துப்போன சம்பவங்கள் அங்கே பதிவாகியிருக்கின்றன. ஒரு தடவை வாயில் வைத்துத் துப்பிய தவளை, அந்த வெளிச்சத்தைக் கண்டால் அடுத்த தடவை விலகிப்போகும். கைக்குழந்தைகள் உள்ள வீட்டில் மின்மினியைப் பிடித்து விளையாட்டுக் காட்டுபவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

வளர்ந்த பிறகு அதே ஒளி பேச்சாக மாறுகிறது. வளர்ந்த மின்மினிகளில் பெரும்பாலானவை சாப்பிடுவதே இல்லை. குடம்பியாக இருந்தபோது தின்று சேர்த்ததை வைத்துச் சில நாட்கள், சில வாரங்கள் உயிர் வாழும். அதற்குள் துணையைக் கண்டுபிடிக்க வேண்டும். பறக்கும் இனங்களில் ஆண் ஒரு தாளத்தில் மின்னும். புல்லில் இருக்கும் பெண் தன் இனத்தின் தாளம்தானா என்று பார்த்து, சரியான இடைவெளி விட்டுப் பதில் மின்னும். அமெரிக்காவிலுள்ள பொட்டூரிஸ் என்ற இனத்துப் பெண் இந்தப் பாஷையைத் திருடி வைத்திருக்கிறது. வேறு இனத்துப் பெண்ணைப் போலப் பதில் சொல்லி, நம்பி வந்த ஆணைப் பிடித்துத் தின்றுவிடும். 1965இல் ஜேம்ஸ் லொயிட் என்பவர் இதை எழுதினார். கூட்டமாக ஒரே தாளத்தில் மின்னுவதும் உண்டு. மலேசியாவில் கோலா சிலாங்கூர் ஆற்றோர மரங்கள் அதற்குப் பேர் போனவை. தமிழ்நாட்டில் ஆனைமலைப் புலிகள் காப்பகத்தின் உலாந்தி வனச்சரகத்தில் 2022 ஏப்ரலில் காடு முழுக்க மின்மினிகள் சேர்ந்து மின்னியதைப் படம் பிடித்தார்கள்.

நம் கல்லுக்கட்டுப் பெண்ணுக்கு இந்த ஆடம்பரம் ஒன்றும் இல்லை. இருந்த இடத்தில் இருந்து விளக்கைக் காட்டும். மேலே பறக்கும் ஆணின் கண்ணில் அது பட வேண்டும்.

அது குடம்பியாக இருந்தபோது என்ன தின்றது என்று பார்ப்போம். தோட்டக்காரர்கள் கவனிக்க வேண்டிய இடம் இதுதான். அதன் சாப்பாடு நத்தை. நத்தை போட்டுப்போன வழுவழுப்பான தடத்தைப் பிடித்துப் போய், கொடுக்குப் போன்ற தாடையால் கடித்து, நஞ்சை ஏற்றி மரத்துப்போகச் செய்து, சதையைக் கரைத்து உறிஞ்சும். தன்னைவிடப் பல மடங்கு பெரிய நத்தையையும் விடாது.

கறிக்கொச்சியையும் போஞ்சியையும் மொட்டையடிக்கிற பெரிய ஆபிரிக்க நத்தை, நம் நாட்டுப் பிராணியே அல்ல. கிழக்காபிரிக்காவிலிருந்து மொரிசியசுக்கு வந்து, 1847இல் கல்கத்தாவுக்குக் கொண்டுவரப்பட்டு, 1900 வாக்கில் இலங்கை வந்து சேர்ந்தது. வந்த வேகத்தில் பெருகியது. ஒரு தடவையில் நூற்றுக்கணக்கில் முட்டையிடும். ஒவ்வொன்றும் ஆணாகவும் பெண்ணாகவும் இருக்கும். அந்த நாளிலேயே விவசாயத் திணைக்களத்தின் பூச்சியியலாளர்கள் ஒன்றைக் கவனித்தார்கள்: நம் ஊர் ஒளிப்புழு இந்த வெளிநாட்டு நத்தையையும் தின்கிறது. ஹட்சன், ஒஸ்ரின் என்ற இருவர் 1924இல் இந்தப் புழுவின் வாழ்க்கையைப் பற்றித் தனி வெளியீடே எழுதினார்கள்.

1950களில் இது இன்னும் சுவாரசியமாகிறது. பசிபிக் தீவுகளில் அதே நத்தை பெருகித் தொல்லை கொடுக்க, ஹவாயிலிருந்து ஆராய்ச்சியாளர் இலங்கைக்கே வந்து ஒளிப்புழுவைப் படித்து, இங்கிருந்து அங்கு அனுப்பினார்கள். அது அங்கே நிலைக்கவில்லை. 1955இல் ஹவாயில் இறக்கிய இன்னொரு வைத்தியம், நத்தையைத் தின்னும் அமெரிக்க நத்தை, நன்றாக நிலைத்தது. ஆனால் அது ஆபிரிக்க நத்தையை விட்டுவிட்டு, அந்தத் தீவுகளுக்கே உரிய அழகான மரநத்தைகளைத் தின்று தீர்த்தது. உலகம் கப்பலேற்றிக் கொண்டுபோய்ப் பார்த்த ஒரு காவல்காரன் நம் கான் ஓரத்தில் சம்பளமில்லாமல் கிடக்கிறான். நாம் அவனைப் பேய் என்கிறோம்.

வெலிமடை, ஊவா பரணகமப் பக்கம் மரக்கறித் தோட்டம் செய்யும் நம் ஆட்களிடம் பேசியிருக்கிறேன். நத்தை கண்டால் கடையில் குறுணை வாங்கித் தூவுகிறார்கள். கோவாவுக்கும் உருளைக்கிழங்குக்கும் வாராவாரம் மருந்தடிக்கிறார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. கடன் வாங்கிப் பயிர் வைப்பவன் ஒரு இரவு நத்தைக்கும் பொறுக்கமாட்டான். ஆனால் கணக்கு இப்படிப் போகிறது. நத்தை சீக்கிரமே திரும்பப் பெருகும். ஒளிப்புழு வளரப் பல மாதம் வேண்டும். அதற்குப் பறக்காத பெண். ஒரு வரப்பில் அது அழிந்தால் பக்கத்து மலையிலிருந்து பறந்து வந்து முட்டையிட ஆள் இல்லை, ஊர்ந்துதான் வரவேண்டும். ஆணுக்குச் சிறகு இருந்தும் பிரயோசனமில்லை, ஆண் முட்டையிடாதே. தேயிலை மலையிலும் இப்படித்தான். கையால் புல் வெட்டினால் தரையில் ஈரமும் நிழலும் கொஞ்சம் மிஞ்சும். களைநாசினி அடித்த மலையில் வெறும் மண்தான் மிஞ்சும்.

மிச்சம் இருப்பது வெளிச்சம். 2022 மார்ச் கடைசியில் நாட்டில் 13 மணித்தியால மின்வெட்டு வந்தது எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். அதைத் தொடர்ந்து வந்த ரமழானிலும் மின்சாரம் வருவதும் போவதுமாகத்தான் இருந்தது. ஒரு இரவு தராவீஹ் தொழுதுவிட்டு நாலைந்து பேர் இருட்டில் தட்டுத்தடுமாறி வந்துகொண்டிருந்தோம். பள்ளிக்குக் கீழே இருக்கிற பள்ளத்தில், வருடக்கணக்காக ஒன்றையும் காணாத இடத்தில், மின்மினிகள். கூட வந்த பெரியவர் ஒருவர், "இதுகள் எல்லாம் இங்கதான் ஈந்திச்சா?" என்றார். இங்கேதான் இருந்திருக்கின்றன. தெருவிளக்கு எரிந்தபோது நமக்குத்தான் தெரியவில்லை.

நமக்குத் தெரியாதது பெரிய நட்டமல்ல. ஆண் மின்மினிக்கும் தெரியாமல் போவதுதான் நட்டம். சுவிற்சர்லாந்தில் பறக்காத பெண்ணைக் கொண்ட ஐரோப்பிய இனமொன்றை வைத்துப் பரீட்சித்தார்கள். பெண்ணைப் போல ஒளிரும் பொறிகளைச் சிலவற்றைத் தெருவிளக்கின் கீழும் சிலவற்றை இருட்டிலும் வைத்தார்கள். ஆண்கள் இருட்டில் வைத்ததற்குத்தான் வந்தன. 2012இல் வெளியான ஆய்வு இது. பறக்கும் பெண்ணாக இருந்தால் விளக்கை விட்டு விலகி இருட்டுக்குப் போகலாம். சிறகில்லாதது போஸ்ட் விளக்கின் கீழ் இரவிரவாகத் தன் விளக்கைக் காட்டிக்கொண்டே இருந்து, ஒன்றும் வராமல் செத்துப்போகும். 2020இல் உலகம் முழுவதுமுள்ள மின்மினி ஆய்வாளர்களிடம் கேட்டபோது, வாழிடம் அழிவதை முதல் ஆபத்தாகவும், அடுத்தபடியாக இரவு வெளிச்சத்தையும் பூச்சிநாசினியையும் சொன்னார்கள்.

தெருவிளக்கு வேண்டாம் என்று யாரும் சொல்ல முடியாது. லயத்துப் பொம்பிளைகள் இருட்டில் நடக்கும் பாதைகளை எனக்குத் தெரியும். அங்கே விளக்கு இன்னும் வேண்டும். ஆனால் விளக்குக்குத் தொப்பி போட்டால் வெளிச்சம் பாதையில் விழும், பள்ளத்தில் விழாது. எங்கள் பாடசாலையில் பின்பக்கக் கானுக்கு நேரே இரவு முழுக்க எரிந்த வெள்ளை விளக்கை, கார்த்திகையிலிருந்து தை வரை அணைத்து வைக்க அதிபர் சம்மதித்தார். கானின் ஒரு பக்கப் புல்லையும் சிரமதானத்தில் தொடாமல் விட்டோம். பார்க்கப் போகும் பிள்ளைகளுக்கு ரோர்ச் கண்ணாடியில் சிவப்பு டொபிக் கடதாசி ஒட்டிக் கொடுத்தேன்; சிவப்பு வெளிச்சம் மின்மினியை அவ்வளவாகக் குழப்பாது. தொடக்கூடாது, எண்ணலாம் என்பது ஒப்பந்தம்.

இன்னொரு வேலையும் வைத்திருக்கிறேன். இந்தப் புழுவுக்கு நம் வீடுகளில் என்ன பேர் வழங்கியது என்று பிள்ளைகளை வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு வரச் சொன்னேன். நிகண்டில் கச்சோதம் என்ற சொல் இருக்கிறது. அது மின்மினிக்குப் பொதுப்பேர். பறக்காததற்குத் தனிப்பேர் வேண்டுமே! ஒளிப்புழு, லைட்புழு, பேய்ப்புழு, ஜின் வெளக்கு என்று இதுவரை நாலு வந்திருக்கிறது. அப்புத்தளை, லுணுகலை, மடுல்சீமைப் பக்கத்து வாசகர்களின் உம்மும்மாமார் வேறேதும் சொல்லக் கேட்டிருந்தால், எந்த ஊர், எந்த மாதம் கண்டது என்பதையும் சேர்த்து ஆசிரியருக்கு ஒரு கடிதம் எழுதுங்கள்.